நரம்பை எடுக்காத அகத்திப்பூ

கல்யாணமாகிக் கரூர்ப் பக்கம் வந்த புதிதில், 2008-ல், எதையாவது சமைத்து நல்ல பெயர் வாங்கிவிட வேண்டும் என்ற அவசரத்தில் நான் கைவைத்தது அகத்திப்பூவில். வேலாயுதம்பாளையம், புகளூர்ப் பக்கமெல்லாம் வெற்றிலைக் கொடிக்கால் உண்டு. கொடி ஏறுவதற்கு அகத்தியைத்தான் வரிசையாக நட்டு வைத்திருப்பார்கள். கொடிக்கால் வேலைக்குப் போகிற பக்கத்து வீட்டு அக்கா ஒருநாள் மடி நிறைய வெள்ளை அகத்திப்பூவைக் கொண்டுவந்து திண்ணையில் கொட்டிவிட்டுப் போனார். நான் பிறந்தது கும்பகோணம் பக்கம். அகத்திக்கீரை தெரியும், துவாதசி தவறாமல் அம்மா செய்வாள், ஆனால் பூவைச் சமைத்து நான் பார்த்ததில்லை. கீரை மாதிரிதானே இருக்கப்போகிறது என்று கழுவி, அரிந்து, வெங்காயம் மிளகாய் தாளித்து வதக்கி இறக்கிவிட்டேன். பார்க்க நன்றாகத்தான் இருந்தது. மாமா ஒரு வாய் வைத்தார், அப்புறம் ஒன்றும் பேசாமல் தட்டின் ஓரத்தில் ஒதுக்கிவிட்டு மோர் ஊற்றச் சொன்னார்.

அத்தை ஒரு துண்டை எடுத்து நாக்கில் வைத்துப் பார்த்தார்.

"ஏன் அம்மிணி, நரம்பு எடுத்தியா?"

"பூவுல ஏதுங்கத்தை நரம்பு?"

அவர் சிரிக்கவில்லை, அதுவே பெரிய விஷயம். முறத்தில் மிச்சம் கிடந்த பூவில் ஒன்றை எடுத்தார். அகத்திப்பூ விரல் நீளத்துக்குப் பிறைநிலா மாதிரி வளைந்திருக்கும். அடியில் பச்சையாக ஒரு சின்னக் கிண்ணம். அதைக் கிள்ளி எறிந்துவிட்டு இதழை விலக்கினால், உள்ளே வெளிர் மஞ்சளாக ஒரு வளைந்த தண்டு இருக்கும், மகரந்தத் தாள்கள் எல்லாம் ஒன்றாக ஒட்டிக்கொண்டு நடுவில் இளம்பிஞ்சை மூடியிருப்பது. அதை இரண்டு விரலால் பிடித்து ஒரே இழுப்பு. வெடுக்கென்று வந்துவிட்டது. "கசப்பு பூரா இதுலதான் இருக்குது, இதழைத் தின்னு பாரு" என்று கையில் கொடுத்தார். பச்சையாகவே தின்றேன். கசப்பு லேசாகத் தலைகாட்டியது, அவ்வளவுதான். நான் வதக்கி வைத்திருந்ததையும் இதையும் ஒரே பூ என்று சொன்னால் யாரும் நம்ப மாட்டார்கள்.

அன்றைக்கு ஆரம்பித்தது. பதினைந்து வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது, இன்னமும் ஒவ்வொரு பூவாகத்தான் கற்றுக்கொண்டிருக்கிறேன். பூச்சமையல் என்று யாராவது செய்முறை கேட்டால் எனக்குச் சிரிப்பு வரும். தாளிப்பதும் தேங்காய் போடுவதும் எல்லாருக்கும் தெரியும். எதைக் கிள்ளி எறிய வேண்டும், எத்தனை மணிக்குப் பறிக்க வேண்டும், இந்த இரண்டும்தான் ஒவ்வொரு பூவுக்கும் மாறும், அதை அடுப்படியில் நின்றுகொண்டு கற்க முடியாது.

சரி, அகத்திப்பூவை முடித்துவிடுகிறேன். முப்பது பூ இருந்தால் நாலு பேருக்குத் தொட்டுக்கொள்ளப் போதும், வதங்கினால் கால்வாசியாகச் சுருங்கிவிடும், அதனால் பறிக்கும்போது இவ்வளவா என்று யோசிக்க வேண்டாம். ஒரு கைப்பிடி பாசிப்பருப்பை இருபது நிமிஷம் ஊறவைத்துக்கொள்ளுங்கள். கடுகு, உளுந்து, காய்ந்த மிளகாய் இரண்டு, சின்ன வெங்காயம் பத்து, பிறகு ஊறிய பருப்பு, அது முக்கால் பதம் வெந்ததும் பூ. தண்ணீர் ஊற்றவே கூடாது, பூவே விட்டுக்கொள்ளும். உப்பைக் கடைசியில் போடுங்கள், முதலிலேயே போட்டால் சுருங்கின பிறகு உப்புக்கரிக்கும், இதுவும் பட்டுத் தெரிந்ததுதான். ஐந்து நிமிஷத்தில் இறக்கித் தேங்காய்த் துருவல். அரிசி களைந்த தண்ணீரில் தேங்காய்ப்பால் விட்டுத் தண்ணிச்சாறும் வைக்கலாம், வெயில் காலத்தில் வாய்ப்புண்ணுக்கு அத்தை அதைத்தான் வைத்துத் தருவார். நாட்டு மருந்து சாப்பிடுகிறவர்களுக்கு மட்டும் எங்கள் வீட்டில் அகத்தி போடுவதில்லை, மருந்தை முறித்துவிடும் என்பது அத்தையின் உறுதியான கட்சி.

எங்கள் வீட்டின் பின்பக்கத்துக்கு இங்கே பொடக்காளி என்று பேர். நான் கொல்லை என்பேன், என் பெண் இரண்டையும் சொல்வாள். பன்னிரண்டு சென்ட் இருக்கும், அதில் தோட்டம் என்று சொல்கிற மாதிரி ஒன்றும் கிடையாது. ஒரு வேப்ப மரம், இரண்டு முருங்கை, குப்பைக் குழி ஓரமாகத் தானே முளைத்த அரசாணிக் கொடி, வேலியில் சங்குப்பூ, மழை பெய்தால் தரை முழுக்கத் தும்பை. வேலிக்கு அந்தப் பக்கம் தரிசு, அதில் ஆவாரை. யாரும் விதைக்கவில்லை, தண்ணீர் விடவில்லை. என் வீட்டுக்காரர் ஒரு வருஷம் பொக்லைன் விட்டுச் சுத்தம் செய்து சிமெண்ட் தளம் போடலாம் என்றார், அந்தப் பேச்சை நானும் அத்தையும் சேர்ந்து நின்று முறித்தோம். எங்கள் இருவருக்கும் ஒரே கருத்து வந்த முதல் விஷயம் அதுதான் என்று நினைக்கிறேன்.

அரசாணி என்றால் மஞ்சள் பூசணி, தஞ்சாவூர்ப் பக்கம் நாங்கள் பரங்கி என்போம். அதன் பூவில் பஜ்ஜி போடலாம் என்று எங்கோ கேள்விப்பட்டு, ஒரு காலையில் கொடியில் பெரிதாக இருந்த பூவையெல்லாம் பறித்துவிட்டேன். பஜ்ஜி பிரமாதம். அந்தக் கொடியில் காய் மட்டும் ரொம்ப நாளைக்குக் காணோம். பிறகுதான் தெரிந்தது, நான் பறித்ததில் முக்கால்வாசி பெண் பூ. பூவுக்கு அடியில் கோலிகுண்டு அளவில் ஒரு பிஞ்சு உட்கார்ந்திருக்கும், அதுதான் பெண். நான் அதையும் பூவின் அழகு என்று நினைத்துச் சேர்த்துக் கிள்ளியிருக்கிறேன். ஆண் பூவுக்கு வெறும் நீளக் காம்பு மட்டும். கொடி பூக்க ஆரம்பிக்கும்போது முதலில் ஆண் பூவாகத்தான் வரும், அதில் தாராளமாகக் கை வைக்கலாம். பெண் பூ வர ஆரம்பித்த பிறகு, ஆண் பூவிலும் நாலைந்தைக் கொடியிலேயே விட்டுவிட வேண்டும், இல்லாவிட்டால் தேனீ எதைக் கொண்டுபோய்ச் சேர்க்கும்?

தேனீ என்றதும் இன்னொன்று. இந்தப் பூ விடியும்போது விரிந்து பத்துப் பதினோரு மணிக்கெல்லாம் வாய் மூடிக்கொள்ளும். ஒருநாள் எழுந்திருக்க நேரமாகி, மூடின பூவைப் பறித்துவந்து அடுப்படி மேடையில் வைத்திருந்தேன். பூவுக்குள்ளிருந்து சத்தம். காதில் வைத்துக் கேட்கிற அளவுக்கு எனக்குப் புத்தி போனது பாருங்கள். இதழை லேசாகப் பிரித்தால் உள்ளே உடம்பெல்லாம் மஞ்சள் பொடி அப்பிக்கொண்டு ஒரு தேனீ, பூ மூடும்போது மாட்டிக்கொண்டிருக்கிறது. என்னைவிட அதற்குத்தான் பதற்றம் அதிகம். ஜன்னலுக்கு வெளியே நீட்டி உதறியதும் போய்விட்டது. அதிலிருந்து எந்தப் பூவாக இருந்தாலும் பறித்த இடத்திலேயே ஒரு தட்டுத் தட்டி, உள்ளே பார்த்துவிட்டுத்தான் கூடையில் போடுவது. எறும்பு, வண்டு, சின்னப் புழு, ஏதாவது ஒன்று வாடகைக்கு இருக்கும். உப்புத் தண்ணீரில் பத்து நிமிஷம் போட்டு வைத்தால் மேலே மிதந்து வந்துவிடும். அதற்கு மேல் ஊறவைத்தால் பூ சொதசொதத்துப் போகும்.

பஜ்ஜிக்கு உள்ளே இருக்கும் மகரந்தத் தண்டைக் கிள்ளிவிடுங்கள், அடியில் முள் முள்ளாக இருக்கும் பச்சை இதழையும் எடுத்துவிடுங்கள், தொண்டையில் உறுத்தும். ஒரு டம்ளர் கடலைமாவுக்கு இரண்டு ஸ்பூன் அரிசிமாவு, மிளகாய்த்தூள், பெருங்காயம், உப்பு. மாவு வாழைக்காய் பஜ்ஜிக்குக் கரைப்பதைவிட நீர்க்க இருக்க வேண்டும், கெட்டியாக இருந்தால் பூ எங்கே என்று தேட வேண்டிவரும். பறித்த ஒரு மணி நேரத்துக்குள் பொரித்துவிடுங்கள். ஃபிரிட்ஜில் வைத்துச் சாயங்காலம் பொரிக்கலாம் என்று நினைத்தால், ஈரத் துணியைப் பொரித்தது போலத்தான் வரும்.

வேப்பம்பூ பற்றிச் சொல்லாமல் விட முடியாது, ஏனென்றால் இந்த ஒன்றில்தான் எனக்குத் தெரியும் என்ற மிதப்போடு வந்தேன். கும்பகோணத்தில் சித்திரை ஒன்றாம் தேதி வேப்பம்பூப் பச்சடி இல்லாமல் வருஷம் பிறக்காது, மற்ற நாட்களில் ரசம். ஆனால் எங்கள் வீட்டில் பூ கடையிலிருந்து பொட்டலமாகத்தான் வரும். மரத்திலிருந்து டப்பாவுக்கு அது எப்படி வருகிறது என்று யோசித்ததே இல்லை. இங்கே பங்குனி பிறந்து மரம் பூத்ததும், ஏணி போட்டு ஏறிக் கொத்துக் கொத்தாக ஒடித்துவிட்டேன். அத்தை பார்த்துக்கொண்டே இருந்தார். கொத்திலிருந்து ஒவ்வொரு பூவாகக் கிள்ளி முடிக்க மத்தியானம் ஆகிவிட்டது, அதில் பாதி விரியாத மொட்டு, பாதி காம்பு. காம்பு சேர்ந்தால் கசப்பு இரண்டு மடங்கு. அடுத்த நாள் சாயங்காலம் அத்தை ஒன்றும் சொல்லாமல் மாமாவின் பழைய வேட்டி இரண்டை மரத்தடியில் விரித்து நாலு மூலையிலும் கல் வைத்தார். விடிகாலையில் போய்ப் பார்த்தால் வேட்டி தெரியாத அளவுக்குப் பூ, தேன் வாசனை, ராத்திரி முழுக்க மரமே உதிர்த்துக் கொடுத்திருக்கிறது. வெயில் ஏறுவதற்குள் வேட்டியை நாலாக மடித்து எடுத்து, முறத்தில் போட்டு இரண்டு புடை புடைத்தால் தூசியும் சருகும் போய்விடும். இவ்வளவுதான் வேலை.

அதைக் காயவைப்பதிலும் ஒரு சறுக்கல். ஒருநாள் வெயில் போதும் என்று டப்பாவில் அடைத்துவிட்டேன், ஆடியில் திறந்து பார்த்தபோது பூசணம் பிடித்து முடி முடியாக இருந்தது. நிழலில் நாலைந்து நாள், நடுவில் தினமும் காலை வெயில் இரண்டு மணி நேரம், விரலில் நசுக்கினால் பொடிய வேண்டும், அப்போதுதான் காய்ந்தது என்று அர்த்தம். கண்ணாடி பாட்டிலில் போட்டால் அடுத்த பங்குனி வரை வரும். ஒரு படி பச்சைப் பூ காய்ந்தால் கைப்பிடிக்குக் கொஞ்சம் மேலேதான் தேறும், அதையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

ரசத்துக்குப் பூவை ரசத்தோடு சேர்த்துக் கொதிக்கவிடுகிறவர்கள் இருக்கிறார்கள், எனக்கு அதில் உடன்பாடு இல்லை. கசப்பு முழுக்கத் தண்ணீரில் இறங்கிவிடும். மிளகும் சீரகமும் போட்டுப் புளி கம்மியாக ரசத்தை வைத்து இறக்கிவிட்டு, தனியாக ஒரு ஸ்பூன் நெய்யில் ஒரு பெரிய ஸ்பூன் பூவைச் சின்னத் தீயில் வறுக்க வேண்டும். முதலில் பொன்னிறம், பிறகு காப்பிக்கொட்டை நிறம். அங்கேதான் நிறுத்த வேண்டும், அதற்கு அடுத்த நிமிஷம் கரி. அந்த வாணலியை அப்படியே ரசத்தின் மேல் கவிழ்த்து மூடிவிடுங்கள். சாப்பிடும்போது பூ மொறுமொறுவென்று வாயில் அகப்படும், கசப்பு அப்போதுதான் எட்டிப் பார்க்கும். சோற்றில் நெய்யோடு பிசைந்து அந்த வறுத்த பூவை மட்டும் முதல் கவளமாகச் சாப்பிடுவதும் உண்டு. நடுவில் ஒரு வருஷம் எங்கள் மரத்தின் நுனிக்கிளைகளெல்லாம் தீய்ந்த மாதிரி காய்ந்துபோய்ப் பூவே வரவில்லை. பாட்டிலின் அடியில் கிடந்ததை அத்தை பொன் மாதிரி எடுத்துச் செலவழித்தார்.

இப்போது பயந்த கதை. தை பிறப்பதற்கு முதல் நாள் இந்தப் பக்கம் காப்புக் கட்டுவது வழக்கம். வேப்பிலை, பூளைப்பூ, ஆவாரம்பூ மூன்றையும் சேர்த்துக் கட்டி வாசல் நிலையில், தொழுவத்தில், காட்டு மூலையில் செருகி வைப்பார்கள். அந்தச் சமயத்தில் ஆவாரம்பூ எங்கே பார்த்தாலும் மஞ்சளாக இருக்கும், காப்புக்குப் போக மீதியை நான் கூட்டு வைப்பேன், காயவைத்துத் தேநீருக்கும் எடுத்துக்கொள்வேன். பெண்ணுக்கு அப்போது எட்டு வயது. "நான் பறிச்சிட்டு வரேம்மா" என்று கூடையைத் தூக்கிக்கொண்டு போனாள். அரைமணியில் கூடை நிறைய மஞ்சள். தண்ணீரில் கொட்டப் போனவள் ஏதோ உறுத்தி ஒன்றை எடுத்துப் பார்த்தேன். ஆவாரம்பூவுக்கு ஐந்து இதழ், தனித்தனியாகச் சுருங்கின பட்டுத்துணி மாதிரி இருக்கும், நடுவில் பூச்சி மீசை போல வளைந்த தாள்கள். என் கையில் இருந்ததோ சுருட்டின குழாய், வாய் விரிந்த புனல். காம்பு கிள்ளின இடத்தில் பால்.

பொன்னரளி. பக்கத்துத் தெருவில் ஒரு வீட்டு மதில் ஓரத்தில் வளர்ந்திருந்ததை, இதுவும் மஞ்சள்தானே என்று சேர்த்துப் பறித்திருக்கிறாள்.

கூடையில் ஏழெட்டுப் பூதான் அரளி, மற்றதெல்லாம் ஆவாரை. பொறுக்கி எடுத்துவிடலாம் என்று ஒரு நிமிஷம் தோன்றியது. அத்தை கூடையைப் பிடுங்கிக்கொண்டுபோய்க் குப்பைக்குழியில் கவிழ்த்து மண்ணைத் தள்ளினார், கூடையையும் கழுவவிடாமல் தூக்கிப்போட்டார். பெண்ணின் கையைச் சோப்புப் போட்டு இரண்டு தடவை கழுவினோம், வாயில் எதையாவது வைத்தாயா என்று பத்து தடவை கேட்டோம், பாவம், அழ ஆரம்பித்துவிட்டாள். அரளி இதயத்தைத் தாக்குகிற விஷம், செவ்வரளி, வெள்ளரளி, பொன்னரளி எல்லாமே. பூ, இலை, விதை என்று எதிலும் பாவபுண்ணியம் கிடையாது. கேரளத்தில் 2024 மே மாதம் கோயில் நைவேத்தியத்திலும் பிரசாதத்திலும் அரளிப்பூ வேண்டாம் என்று திருவிதாங்கூர் தேவஸ்வம் போர்டு நிறுத்தியதே இந்தக் காரணத்துக்காகத்தான். அந்தச் செய்தி வந்தபோது நாங்கள் இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம்.

இன்னொரு பூ, இதைவிட அழகு, செங்காந்தள். தமிழ்நாட்டின் மாநில மலர். அரவக்குறிச்சி, மூலனூர்ப் பக்கம் அதைக் கண்வலிக்கிழங்கு என்ற பேரில் விதைக்காகப் பந்தல் கட்டிப் பயிரே செய்கிறார்கள், மருந்துக் கம்பெனிக்குப் போகிறது. மழைக்காலத்தில் வேலிகளிலும் தானாக ஏறும், நெருப்பு மாதிரி இருக்கும், பறித்துத் தட்டில் அலங்காரமாக வைக்கலாமா என்று தோன்றும். கூடவே கூடாது, செடி முழுக்க விஷம். ஊமத்தை, எருக்கு பற்றி எல்லாருக்கும் தெரியும் என்று நினைக்கிறேன், இருந்தாலும் சொல்லிவைக்கிறேன்.

அதனால் எங்கள் வீட்டில் சட்டம் இதுதான்: பூவை மட்டும் பார்த்து எதையும் சமைக்கக் கூடாது. இலை, காம்பு, காய், செடியின் உயரம், எந்த மாதத்தில் பூக்கிறது, எல்லாம் தெரிந்த செடியாக இருக்க வேண்டும், அந்தச் செடியை நம் ஊரிலேயே சமைத்துச் சாப்பிட்ட ஒருத்தர் அருகில் நின்று காட்டியிருக்க வேண்டும். போனில் படம் பிடித்தால் பேர் சொல்லும் செயலிகளை நானும் வைத்திருக்கிறேன், பேர் தெரிந்துகொள்ள நல்லதுதான், அதை நம்பி வாணலியை அடுப்பில் வைக்க மாட்டேன். புதுப்பூ எதுவானாலும் முதல் தடவை ஒரு ஸ்பூன், அதுவும் பெரியவர்கள் மட்டும், அடுத்த நாள் வரை பொறுத்துப் பார்ப்பது. பூச்சிமருந்து அடித்த வயல் ஓரத்தில் பறிப்பதில்லை. நாலு வழிச் சாலை ஓரத்து ஆவாரையும் வேண்டாம், எவ்வளவு கழுவினாலும் புகையும் தூசும் போகாது. கடையில் மாலைக்கு விற்கிற பூவைச் சமைக்கவே கூடாது, அதைச் சாப்பிடுவதற்கென்று யாரும் வளர்ப்பதில்லை.

ஆவாரம்பூக் கூட்டு என்றால் பெரிய சமாசாரம் இல்லை, இதழை மட்டும் உருவி, வெந்த பாசிப்பருப்பில் போட்டு, தேங்காய், சீரகம், பச்சை மிளகாய் அரைத்துவிட்டு ஒரு கொதி. லேசான துவர்ப்பு இருக்கும், தோல் பதனிடப் பட்டையைப் பயன்படுத்துகிற செடியாயிற்றே. "ஆவாரை பூத்திருக்கச் சாவாரைக் கண்டதுண்டோ" என்று சொல்லிக்கொண்டே அளவில்லாமல் குடிக்கிறவர்களைப் பார்த்திருக்கிறேன். ஒரு டம்ளருக்குக் காய்ந்த பூ ஒரு டீஸ்பூன் போதும். வீட்டுக்காரர் சர்க்கரை மாத்திரை போடுகிறவர், டாக்டரிடம் சொல்லிவிட்டுத்தான் வாரம் இரண்டு நாள் குடிக்கிறார், அதுவும் மாத்திரையை நிறுத்தாமல். பழமொழியை நம்பி மாத்திரையை விட்ட உறவுக்காரர் ஒருவரை ஆஸ்பத்திரியில் போய்ப் பார்த்தோம், அந்தக் கதை இங்கே வேண்டாம்.

முருங்கைப்பூவுக்கு அரவக்குறிச்சிப் பக்கம் சொந்தக்காரர் தோட்டம் இருக்கிறது, ஆனால் அங்கே போய்ப் பூவைப் பறித்தால் அடிக்க வருவார், ஒவ்வொரு பூவையும் அவர் காயாகத்தான் பார்க்கிறார். எங்கள் இரண்டு மரத்தில் தாழ்ந்த கிளையில் மட்டும் பறிப்பேன். விடிந்ததும் பறித்தால் மொட்டும் பூவுமாக உதிராமல் வரும். கீழே உதிர்ந்து கிடப்பது வேண்டாம், வேப்பம்பூ மாதிரி இது இல்லை, உதிர்ந்த முருங்கைப்பூவில் ருசி இருக்காது. வெங்காயம் வதக்கிப் பூவைப் போட்டு, ஈரம் சுண்டியதும் இரண்டு முட்டை உடைத்து ஊற்றிக் கிளறினால் போதும். முருங்கை என்றதும் நமட்டுச் சிரிப்புச் சிரிக்கிற விருந்தாளிகள் இருப்பார்கள், அவர்கள்தான் இரண்டாம் தடவை கேட்டு வாங்குவார்கள்.

சங்குப்பூவில் ருசி என்று ஒன்றும் கிடையாது, அது வெறும் நிறம். வெந்நீரில் நாலு பூ போட்டால் நீலம், எலுமிச்சை பிழிந்தால் கத்தரிப்பூ நிறம், குழந்தைகளுக்கு வேடிக்கை காட்ட அதைவிட மலிவான மந்திரம் இல்லை. மலேசியாவில் இந்தப் பூவில்தான் சோற்றுக்கு நீலம் ஏற்றுகிறார்கள் என்று படித்துவிட்டு, ஒரு டம்ளர் அரிசிக்கு இருபது பூ போட்டு வடித்தேன். அழகான நீலச் சோறு. அதன் மேல் புளிக்குழம்பு ஊற்றியதும் என்ன ஆகும் என்று யோசிக்கவில்லை. புளிப்பு பட்டதும் சோறு ஊதாவாகி, குழம்பின் சிவப்போடு கலந்து தட்டில் சேறு. அத்தை எட்டிப் பார்த்துவிட்டு, "இதென்ன அம்மிணி, முனிக்கு வெச்ச படையலாட்ட" என்று சொல்லிவிட்டுப் பழைய சோற்றுப் பானையைத் திறந்தார். அதிலிருந்து தேங்காய்ப்பால் சோற்றுக்கு மட்டும்தான் சங்குப்பூ. பச்சைக் காம்பை நீக்கி இதழை மட்டும் போடுங்கள். விதையும் வேரும் பேதிக்குக் கொடுக்கிற சரக்கு.

தும்பைப்பூவை உறிஞ்சித் தேன் குடிப்பதோடு விட்டுவிடலாம். ஒருமுறை துவையலுக்கென்று ஒரு மணி நேரம் குனிந்து பறித்தேன், கால் டம்ளர் தேறியது, அரைத்தால் அம்மியிலேயே ஒட்டிக்கொண்டது, இடுப்பு வலி மட்டும் மிச்சம்.

போன பங்குனியில் அத்தையின் அண்ணன் ஊருக்குப் போயிருந்தோம். கோயில் நிலத்தில் பழைய இலுப்பை மரங்கள் நாலைந்து நிற்கின்றன. விடிகாலையில் அத்தை என்னை எழுப்பிக் கூட்டிக்கொண்டு போனார், எழுபத்தைந்து வயது, முந்தானையைச் செருகிக்கொண்டு எனக்கு முன்னால் நடக்கிறார். மரத்தடியில் வெளிர் மஞ்சளாக, திராட்சையைவிடச் சின்னதாகச் சதைப்பற்றுள்ள பூ கொட்டிக் கிடந்தது. மிதித்தால் செருப்பில் பிசுபிசுவென்று ஒட்டுகிறது. கொஞ்சம் புளித்த வாசனை, எனக்கு அவ்வளவாகப் பிடிக்கவில்லை. ஒன்றை ஊதிவிட்டு வாயில் போட்டுக்கொண்டார், எனக்கும் ஒன்று கொடுத்தார். இனிப்பு, வெல்லத்தண்ணீர் மாதிரி, விழுங்கின பிறகு நாக்கில் லேசாக ஒரு மண்வாசனை.

"ஆலை இல்லா ஊருக்கு இலுப்பைப்பூ சக்கரைன்னு சொல்லுவாங்களே அத்தை, அது இதுதானுங்களா?"

"அதேதான். நம்ம புகளூர்லதான் ஆலையே வந்துருச்சே, அப்பறம் எவ இதைப் பொறுக்குறா?"

ஆனாலும் இரண்டு படி பொறுக்கினார். உள்ளே இருக்கும் மகரந்தத்தை உதறி எடுத்துவிட்டு மூன்று நாள் வெயிலில் போட்டதும் உலர்ந்த திராட்சை நிறத்துக்கு வந்தது. வெறும் வாணலியில் சூடு ஏற வறுத்து, வறுத்த எள்ளோடு சேர்த்து உரலில் இடித்து உருண்டை பிடித்தார். இடிக்க நான் வருகிறேன் என்றதற்கு விடவில்லை. மிக்சியில் போடலாமே என்றால், எண்ணெய் கக்கிவிடும் என்கிறார். இருபத்தாறு உருண்டை வந்தது. எனக்கு ஒன்று போதுமாக இருந்தது, அந்த வாசனை இன்னும் பழகவில்லை. பெண் நாலு தின்றாள். மிச்சத்தை ஒரு தூக்குப்போசியில் போட்டுத் தன் கட்டிலுக்கு அடியில் வைத்துக்கொண்டார், யாரும் கேட்காமல் கொடுக்கவில்லை.